உண்ணிக் காய்ச்சலும் எல்லாப்பிரகட சுப்பாராவும்: ஒரு மருந்து நம் கைக்கு வந்த வரலாறு

ஆடு மாடு வளர்ப்போருக்கு உண்ணி புதியதன்று. திண்டுக்கல் மாவட்டம் அய்யலூரில் வியாழக்கிழமைதோறும் கூடும் ஆட்டுச் சந்தைக்கு வரும் வெள்ளாடுகளின் காதுமடலிலும் தொடையிடுக்கிலும், இரத்தம் குடித்து ஆமணக்கு விதைபோல் பருத்த உண்ணிகளைப் பலரும் கண்டிருப்பர். அவ்வுண்ணி மனிதரைக் கடித்தால் பெரும்பாலும் சிறு தடிப்போடும் அரிப்போடும் முடிந்துவிடும். சில வேளைகளில் மட்டும் அக்கடியின் வழியே நுண்கிருமி உடலுக்குள் புகுந்து கடுங்காய்ச்சலை உண்டாக்கும்.

இவ்வகைக் காய்ச்சல் என ஐயம் எழுந்தால் மருத்துவர் வழக்கமாக எழுதித் தரும் மருந்து டாக்சிசைக்ளின். அரசு மருத்துவமனைகளில் கட்டணமின்றிக் கிடைக்கும் எளிய மருந்து இது. இம்மருந்துக் குடும்பத்தின் முதல் மருந்து, சென்னை மருத்துவக் கல்லூரியில் பயின்ற ஒருவர் ஆராய்ச்சித் தலைவராக இருந்த கூடத்தில் உருவானது. அவர் பெயர் எல்லாப்பிரகட சுப்பாராவ். அவருடைய வாழ்க்கையை அறிந்துகொண்டால், இக்காய்ச்சலில் ஒரு நாள் தாமதமும் ஏன் கூடாது என்பது நோயாளிகளுக்கும் பராமரிப்போருக்கும் எளிதில் விளங்கும்.

இளமையும் கல்வியும்

சுப்பாராவ் 1895 ஜனவரி 12 அன்று, அப்போதைய சென்னை மாகாணத்தைச் சேர்ந்த பீமவரத்தில் பிறந்தார். குடும்பத்தில் வறுமை நிலவியது. படிப்பிலும் தொடக்கத்தில் அவர் சிறந்து விளங்கவில்லை. மெட்ரிகுலேஷன் தேர்வில் இருமுறை தோற்று, சென்னை திருவல்லிக்கேணி இந்து உயர்நிலைப் பள்ளியில் சேர்ந்து மூன்றாம் முறையே தேறினார். பின்னர் மாநிலக் கல்லூரியில் படித்து, சென்னை மருத்துவக் கல்லூரியில் இடம்பெற்றார்.

மாணவராய் இருந்த நாளில் காந்தியடிகளின் அழைப்பை ஏற்று அந்நியத் துணியைத் துறந்து கதராடை அணிந்தார். இது ஆங்கிலேயப் பேராசிரியர் ஒருவருக்கு உவப்பாயில்லை. பிற பாடங்களில் நன்கு தேறியிருந்தும், அறுவை மருத்துவத்தில் போதிய மதிப்பெண் அளிக்கப்படாததால், அவருக்கு முழுப் பட்டத்திற்குப் பதிலாக அதனினும் தாழ்ந்த எல்.எம்.எஸ். சான்றே கிடைத்தது. அரசு மருத்துவப் பணியும் கிட்டவில்லை. சென்னையில் இருந்த ஆயுர்வேதக் கல்லூரியில் உடற்கூற்றியல் ஆசிரியராகப் பணியேற்றார்.

அக்காலத்தில் அவர் குடும்பத்தைப் பெருந்துயரம் தாக்கியது. உணவின் சத்தைக் குடல் ஏற்காமல் உடலை மெலியச் செய்யும் ஸ்புரூ என்னும் நோயால் அவருடைய சகோதரர் இருவர் சில நாட்கள் இடைவெளியில் அடுத்தடுத்து மாண்டனர். அவரும் அந்நோயால் வருந்திப் பிழைத்தவர். அந்நாளில் அதற்கு உரிய மருந்து இல்லை. நோயின் பெயரை அறிந்தும் மருந்தில்லாமல் கைகட்டி நிற்கும் நிலையை அவர் தம் வீட்டிலேயே கண்டார். மருந்து ஆராய்ச்சியை நோக்கி அவர் திரும்பியதற்கு இவ்விழப்பும் ஒரு காரணம்.

அமெரிக்காவில்

மாமனாரின் உதவியோடும் காக்கிநாடாவைச் சேர்ந்த அறக்கட்டளை ஒன்றின் துணையோடும், 1920-களின் தொடக்கத்தில் சுப்பாராவ் கடல் கடந்து பாஸ்டன் நகரை அடைந்தார். ஹார்வர்டு பல்கலைக்கழகத்தில் வெப்பமண்டல நோய்களைப் பற்றிப் பயின்றார். செலவுக்காக இரவு நேரங்களில் மருத்துவமனை ஒன்றில் கடைநிலை ஊழியராக வேலை பார்த்தார். இந்தியாவில் விட்டு வந்த மனைவியை அவர் மீண்டும் காணவில்லை. அவர் புறப்பட்ட பின் பிறந்த மகனும் குழந்தைப் பருவத்திலேயே இறந்தது. அக்குழந்தையின் முகத்தையும் அவர் பார்த்ததில்லை.

ஹார்வர்டில் சைரஸ் ஃபிஸ்க் என்பவரோடு இணைந்து, இரத்தத்திலும் சிறுநீரிலும் உள்ள பாஸ்பரஸை அளக்கும் முறையை 1925-இல் வெளியிட்டார். ஃபிஸ்க்–சுப்பாராவ் முறை என்ற பெயரில் அது உயிர்வேதியியல் மாணவர்களுக்கு இன்றும் அறிமுகமானது. தசைகளுக்கு ஆற்றல் தரும் பாஸ்போகிரியேட்டின், ஏ.டி.பி. ஆகிய பொருள்களைப் பற்றிய ஆய்வுகள் அதைத் தொடர்ந்தன. 1930-இல் முனைவர் பட்டம் பெற்றார். ஆயினும் அங்கே அவருக்கு நிலையான பேராசிரியர் பதவி கிடைக்கவில்லை.

1940-இல் நியூயார்க் மாநிலத்தின் பேர்ல் ரிவர் என்னும் ஊரில் இருந்த லெடர்லி ஆய்வகத்தில் சேர்ந்து, அதன் ஆராய்ச்சிப் பிரிவின் தலைவரானார். அதன்பின் அவர் வாழ்ந்தது ஏறத்தாழ எட்டு ஆண்டுகளே. அவ்வெட்டு ஆண்டுகளில் அவர் வழிநடத்திய குழுவினர் ஃபோலிக் அமிலத்தைச் செயற்கையாக உருவாக்கினர். கருவுற்ற தாய்மார்களுக்கு இன்று நாம் தரும் சத்து மாத்திரையில் உள்ளது இதுவே. அவருடைய சகோதரர்களைக் கொன்ற ஸ்புரூ நோய்க்கும் அது மருந்தாயிற்று. யானைக்கால் நோய்க்கு இன்றும் வழங்கப்படும் டி.இ.சி. மருந்தும், இரத்தப் புற்றுநோய்க்கான முதல் மருந்துகளில் ஒன்றான அமினோப்டெரினும் அதே கூடத்திலிருந்து வந்தவை.

மருந்தில்லாத காய்ச்சல்

அந்நாளில் உண்ணிக் காய்ச்சலின் நிலை என்ன என்பதை இங்கே அறிதல் வேண்டும். அமெரிக்காவின் மான்டானா மாநிலத்தில் பிட்டர்ரூட் என்னும் பள்ளத்தாக்கில், ஒவ்வோர் இளவேனிலிலும் காய்ச்சலும் உடலெங்கும் செம்புள்ளிகளும் தோன்றி மக்கள் பலர் இறந்தனர். 1906-இல் அங்கு சென்ற ஹோவர்டு ரிக்கெட்ஸ் என்ற மருத்துவர், உண்ணியின் கடியே அந்நோயைப் பரப்புகிறது எனச் சோதனை வழியே நிறுவினார். நான்கு ஆண்டுகளுக்குப் பின் மெக்சிகோ நகரில் டைபஸ் காய்ச்சலை ஆராய்ந்தபோது அதே காய்ச்சல் பற்றி, 39 வயதில் அவர் உயிர்நீத்தார். அவர் நினைவாகவே இக்கிருமிகளுக்கு ரிக்கெட்சியா என்று பெயரிடப்பட்டது. மருத்துவ அறிக்கைகளில் இன்று நீங்கள் காணும் சொல் இதுவே.

கிருமி எது, அதைப் பரப்புவது எது என்று அறிந்தும், பல்லாண்டுகள் மருந்து கிடைக்கவில்லை. அதற்குக் காரணம் உண்டு. பெரும்பாலான நுண்கிருமிகள் நம் உடலின் அணுக்களுக்கு வெளியே பெருகுபவை. ரிக்கெட்சியாவோ இரத்தக்குழாய்களின் உட்சுவரில் உள்ள அணுக்களுக்குள் புகுந்து அங்கேயே பெருகுகிறது. அதனால் குழாய்கள் சேதமுற்று நீர் கசிகிறது. மூளை, நுரையீரல், சிறுநீரகம் ஆகியவற்றுக்குச் செல்லும் இரத்தவோட்டம் குன்றுகிறது. 1940-களில் பெரும்புகழ் பெற்ற பெனிசிலின் இக்கிருமியிடம் பயன்படவில்லை. சல்ஃபா மருந்துகள் சிலருக்கு நோயை மோசமாக்கவும் செய்தன.

மண்ணிலிருந்து வந்த மருந்து

லெடர்லி ஆய்வகத்தில் சுப்பாராவின் தலைமையின்கீழ், எழுபது வயதைக் கடந்த தாவரவியலாளர் பெஞ்சமின் டகர் பணியாற்றினார். பல இடங்களிலிருந்து வரவழைத்த மண் மாதிரிகளில் வாழும் நுண்ணுயிர்களை அவர் ஒவ்வொன்றாகச் சோதித்து வந்தார். மிசௌரி பல்கலைக்கழகத்தின் வயல் ஒன்றிலிருந்து வந்த மண்ணில், பொன்னிறப் பொருளைச் சுரக்கும் ஒரு நுண்ணுயிரை 1945-இல் கண்டார். அதிலிருந்து பிரித்தெடுத்த மருந்து, பொன்னிறம் காரணமாக ஆரியோமைசின் எனப் பெயர் பெற்றது. டெட்ராசைக்ளின் எனப்படும் குடும்பத்தின் முதல் மருந்து இதுவே.

அதே ஆய்வகத்தில் ஹெரால்டு காக்ஸ் என்னும் அறிஞரும் இருந்தார். அவர் முன்னர் மான்டானாவில் உண்ணி நோய்களை ஆராய்ந்தவர். ரிக்கெட்சியாவைக் கருவுற்ற கோழி முட்டைகளில் வளர்க்கும் வழியை 1938-இல் வெளியிட்டவர். புதிய மருந்தை அக்கிருமிகளின்மீது சோதிக்க அவரிடம் முறையும் இருந்தது, அனுபவமும் இருந்தது. சோதனையில் ஆரியோமைசின் அணுக்களுக்குள் நுழைந்து கிருமியின் பெருக்கத்தைத் தடுத்தது. பால்டிமோர் நகர மருத்துவர்கள் உண்ணியால் வரும் புள்ளிக் காய்ச்சல் நோயாளிகளுக்கு அதைக் கொடுத்து நற்பயன் கண்டு, 1948-இல் வெளியிட்டனர். அதே ஆண்டில் குளோராம்பெனிகால் என்னும் மற்றொரு மருந்து, கோலாலம்பூரில் ஸ்கிரப் டைபஸ் நோயாளிகளைக் குணப்படுத்தியது. நாற்பது ஆண்டுகளுக்கு மேல் மருந்தின்றி இருந்த நோய்க்கு ஒரே ஆண்டில் இரு மருந்துகள் கிடைத்தன.

இவ்வெற்றியின் முழுப் பயனைச் சுப்பாராவ் காணவில்லை. 1948 ஆகஸ்டு மாதத்தில், 53-ஆம் வயதில், மாரடைப்பால் உறக்கத்திலேயே காலமானார். தாயகத்துக்கு அவர் திரும்பவே இல்லை. ஆரியோமைசினைக் கண்டவர் டகர். அதை உண்ணி நோய்க் கிருமியின்மீது சோதித்தவர்கள் காக்ஸின் குழுவினர். இப்படிப் பலரை ஒரு கூரையின்கீழ் ஒருங்கிணைத்து வழிநடத்தியது சுப்பாராவின் பங்கு. தம் பெயரை முன்னிறுத்திக்கொள்ளாத இயல்பினராதலால் அவர் புகழ் தாமதமாகவே பரவியது. 1995-இல் அவர் பிறந்த நூற்றாண்டையொட்டி இந்திய அரசு அஞ்சல்தலை வெளியிட்டது. ஆரியோமைசினின் வழிவந்த டாக்சிசைக்ளின் 1967-இல் பயன்பாட்டுக்கு வந்தது. நாளுக்கு இருவேளை உட்கொண்டால் போதுமானதும் விலை குறைந்ததுமான அம்மருந்தே இன்று நம் கையில் உள்ளது.

நம் பகுதியில் இந்நோய்கள்

மருந்து கிடைத்து எழுபது ஆண்டுகளுக்கு மேலாகியும் இக்காய்ச்சலால் மக்கள் இறப்பதற்குப் பெரும்பாலும் ஒன்றே காரணம்: நோயை நினைத்துப் பார்ப்பதில் ஏற்படும் தாமதம். எனவே நம் நாட்டில் காணப்படும் வகைகளை அறிந்துகொள்வது நலம்.

* இந்திய உண்ணி டைபஸ்: உண்ணிக் கடியால் வருவது. காய்ச்சல், தலைவலி, உடல்வலி ஆகியவற்றோடு சில நாட்களில் செம்புள்ளிகள் தோன்றும். உள்ளங்கையிலும் உள்ளங்காலிலும் புள்ளி தோன்றுவது முக்கிய அடையாளம்.
* ஸ்கிரப் டைபஸ்: தமிழ்நாட்டில் அடிக்கடி காணப்படுவது. மக்கள் இதனையும் உண்ணிக் காய்ச்சல் என்றே அழைக்கின்றனர். உண்மையில் இதைப் பரப்புவது, புதர்களிலும் புல்லிலும் வாழும், கண்ணுக்கு எளிதில் புலப்படாத சிற்றுண்ணியின் இளம்பருவப் புழு. கடித்த இடத்தில் வலியில்லாமல், சிகரெட்டால் சுட்டதுபோன்ற கருநிறப் பொருக்கு உண்டாகலாம்.
* கியூ காய்ச்சல்: கிருமி உண்ணிகளிலும் உண்டு. ஆயினும் மனிதருக்குப் பெரும்பாலும், ஆடு மாடுகள் ஈனும்போது வெளிப்படும் நீர், நஞ்சுக்கொடி ஆகியவற்றிலிருந்து காற்றின் வழியே தொற்றுகிறது.
* கியாசனூர் காட்டுக் காய்ச்சல்: 1957-இல் கர்நாடகத்தின் சிவமொக்கா மாவட்டத்தில் கண்டறியப்பட்டது. காட்டு உண்ணிகளால் பரவும் இந்நோய் வைரஸால் வருவது. இதற்கு டாக்சிசைக்ளின் பயன்படாது. மருத்துவமனையில் சேர்த்துத் துணைச் சிகிச்சை அளிக்க வேண்டும்.

முதல் மூன்று வகைகளிலும் உரிய காலத்தில் தரப்படும் டாக்சிசைக்ளின் நல்ல பயன் தரும்.

மருத்துவரிடம் சொல்ல வேண்டியவை

காய்ச்சல் வந்தவுடன் டெங்கு, டைபாய்டு, சளிக்காய்ச்சல் ஆகியவற்றையே நாம் முதலில் நினைக்கிறோம். உண்ணியோடும் புதரோடும் தமக்குள்ள தொடர்பை நோயாளி சொல்லாவிட்டால் மருத்துவருக்கு அது தெரிய வழியில்லை. ஆகவே கீழ்க்கண்டவற்றைக் கேட்காமலேயே சொல்லுங்கள்.

* கடந்த மூன்று வாரங்களில் ஆடு மேய்த்தது, பட்டியில் படுத்தது, விறகு வெட்டியது, புதர் மண்டிய இடத்தில் வேலை செய்தது அல்லது மலைக்காட்டிற்குச் சென்றது.
* உடலில் உண்ணியைக் கண்டு பிடுங்கியது.
* வீட்டில் உள்ள நாய், ஆடு, மாடு ஆகியவற்றுக்கு உண்ணி இருப்பது.
* ஆடு ஈனும்போது உடனிருந்து கையால் உதவியது.

பராமரிப்போர் நோயாளியின் உடலை முழுமையாகப் பார்ப்பது அவசியம். அக்குள், தொடையிடுக்கு, இடுப்பு, மார்பகத்தின் அடிப்பகுதி, காதின் பின்புறம், குழந்தைகளாயின் தலைமுடியின் உள்ளே எனப் பார்த்து, கருநிறப் பொருக்கு இருப்பின் மருத்துவரிடம் காட்டுங்கள். வெட்கத்தால் மறைக்கப்படும் இடங்களிலேயே அது பெரும்பாலும் இருக்கிறது.

இரத்தப் பரிசோதனை முதல் வாரத்தில் நோயைக் காட்டாமல் போகலாம். நோய் எதிர்ப்புப் பொருள் உடலில் உருவாகச் சில நாட்கள் ஆகும். அதனால் முடிவு வரும்வரை காத்திராமல், ஐயத்தின் பேரிலேயே மருத்துவர் சிகிச்சையைத் தொடங்குவார். பரிசோதனை முடிவு வராமல் மாத்திரை எதற்கு என்று எண்ணி நிறுத்திவிடாதீர்கள்.

மாத்திரையை உட்கொள்ளும் முறை

பெரியவர்களுக்கு வழக்கமாக 100 மில்லிகிராம் மாத்திரை நாளுக்கு இருவேளை, ஏழு நாட்கள் அளவில் தரப்படுகிறது. அளவையும் நாட்களையும் மருத்துவரே முடிவு செய்ய வேண்டும். கடையில் தாமாக வாங்கி உட்கொள்ளலாகாது.

* உணவுக்குப் பின், ஒரு தம்ளர் நிறையத் தண்ணீருடன் விழுங்குங்கள். விழுங்கியபின் அரை மணி நேரமாவது படுக்காதீர்கள். மாத்திரை உணவுக்குழாயில் தங்கினால் புண் உண்டாகும்.
* பால், இரும்புச்சத்து மாத்திரை, கால்சியம் மாத்திரை, வயிற்றெரிச்சல் மருந்து ஆகியவற்றை அதே நேரத்தில் உட்கொள்ள வேண்டாம்.
* கடும் வெயிலில் நிற்பதைத் தவிருங்கள்.
* கருவுற்றவர் அதை முன்கூட்டியே சொல்ல வேண்டும். அவருக்கு அசித்ரோமைசின் போன்ற மாற்று மருந்து உண்டு.
* பல் நிறம் மாறும் என்ற அச்சத்தால் குழந்தைகளுக்கு இம்மருந்தை மறுக்க வேண்டாம். இக்காய்ச்சலுக்கு மருத்துவர் தரும் குறுகிய கால மருந்தால் அவ்வாறு நேர்வதாகத் தெரியவில்லை.

சிகிச்சை தொடங்கிய இரண்டு நாட்களுக்குள் பெரும்பாலோருக்குக் காய்ச்சல் தணியும். தணிந்தபின்னும் மாத்திரையை முழு நாட்களுக்கும் உட்கொள்ளுங்கள். இரண்டு நாட்களுக்குப் பின்னும் தணியாவிட்டால் மீண்டும் மருத்துவரைப் பாருங்கள்.

மூச்சுத்திணறல், மனக்குழப்பம், வலிப்பு, சிறுநீர் குறைதல், மஞ்சள் காமாலை, இரத்தக்கசிவு ஆகியவற்றுள் ஒன்று தோன்றினாலும் வீட்டில் வைத்திராமல் 108 ஆம்புலன்ஸை அழையுங்கள்.

உண்ணி பற்றியிருந்தால்

நுனி கூர்மையான இடுக்கியால், தோலை ஒட்டி, உண்ணியின் தலைப்பகுதியைப் பிடித்து, திருகாமல் நேராக மெதுவாக இழுத்தெடுங்கள். கடித்த இடத்தையும் கைகளையும் சோப்பால் கழுவுங்கள். மண்ணெண்ணெய் ஊற்றுதல், சுண்ணாம்பு தடவுதல், பீடியாலோ ஊதுபத்தியாலோ சுடுதல், விரலால் நசுக்குதல் ஆகியவை கூடா. இவற்றால் உண்ணியின் உடலில் உள்ள கிருமி நம் தோலில் படும். எடுத்த தேதியைக் குறித்து வைத்து, மூன்று வாரங்களுக்குள் காய்ச்சல் வந்தால் அதை மருத்துவரிடம் சொல்லுங்கள். காய்ச்சல் இல்லாதபோது மாத்திரை வேண்டியதில்லை.

வராமல் காத்தல்

மேய்ச்சலுக்கும் விறகுக்கும் செல்வோர் முழுக்கை, முழுக்கால் ஆடையும் மூடிய காலணியும் அணிவது நலம். திரும்பியவுடன் குளித்து, உடுத்திய துணியை வெந்நீரில் துவையுங்கள். புல்தரையில் வெற்றுடம்பாய்ப் படுக்காதீர்கள். வீட்டைச் சுற்றிப் புதர் மண்டவிடாதீர்கள். எலிகள் பெருகினால் சிற்றுண்ணியும் பெருகும். ஆட்டுக் கொட்டகை, மக்கள் உறங்கும் இடத்தை ஒட்டியிருத்தல் ஆகாது. ஆடுகளுக்கான உண்ணி மருந்தைக் கால்நடை மருத்துவரின் ஆலோசனைப்படி பயன்படுத்துங்கள். சந்தையில் வாங்கிய புதிய ஆட்டைச் சோதித்து, உண்ணி நீக்கிய பின்னரே மந்தையோடு சேருங்கள். ஆடு ஈனும்போது உதவுவோர் கையுறையும் முகக்கவசமும் அணிந்து, நஞ்சுக்கொடியை ஆழப் புதைக்க வேண்டும். பாலைக் காய்ச்சியே பருகுங்கள்.

உரிய மருந்தில்லாத நாளில் சுப்பாராவ் தம் உடன்பிறந்தார் இருவரை இழந்தார். உண்ணிக் காய்ச்சலுக்கோ இன்று உரிய மருந்து அருகிலுள்ள ஆரம்ப சுகாதார நிலையத்திலேயே உள்ளது. காய்ச்சல் இரண்டு நாட்களைக் கடந்தால் அங்கே செல்லுங்கள். ஆடு, புதர், உண்ணி ஆகியவற்றோடு உங்களுக்குள்ள தொடர்பை முதலிலேயே சொல்லுங்கள். ஐயங்களுக்கு 104 மருத்துவ உதவி எண்ணை அழைக்கலாம்.